யாருக்கோ செய்த சில்லு



இந்த மாத அட்டையைப் பார்த்து, இதென்ன கூத்து என்று சிலர் கேட்டிருப்பீர்கள். செயற்கை நுண்ணறிவு பற்றி நாள்தோறும் ஒரு பரபரப்பு கிளம்பும் காலத்தில், நாற்பது கால் முளைத்த கறுப்புப் பூரானைப் போல ஒரு பழைய சில்லை அட்டையில் போட்டிருக்கிறோம். அதன் பெயர் இன்டெல் 8085. பிறந்தது 1976இல். ஸைலாக் நிறுவனத்தின் இஸட்80 வந்ததும் அதே ஆண்டுதான். இரண்டுக்கும் இந்த ஆண்டு ஐம்பது நிறைகிறது. பொன்விழா கொண்டாட அவற்றுக்கு வேறு யாரும் இல்லை. நாமாவது கொண்டாடுவோமே என்றுதான் இந்த எட்டு பிட் சிறப்பிதழ்.

பாலிடெக்னிக்கிலோ பொறியியல் கல்லூரியிலோ எலெக்ட்ரானிக்ஸ் படித்தவர்களுக்கு 8085 பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. அதன் பின் டயகிராமை மனப்பாடமாக வரைந்து மார்க் வாங்கியவர்கள் நம் வாசகர்களில் நிறையப் பேர் உண்டு. மற்றவர்களுக்காகச் சுருக்கமாக: ஒரே நேரத்தில் எட்டு பிட்களை, அதாவது 0 முதல் 255 வரையிலான ஓர் எண்ணை, எடுத்துக் கூட்டிக் கழித்து வைக்கத் தெரிந்தது எட்டு பிட் மைக்ரோபுராசசர். அந்தக் காலத்து எட்டு பிட் சில்லுகளில் பெரும்பாலானவற்றுக்கு 64 கிலோபைட் நினைவகம்தான் எல்லை. இன்று காலையில் உங்கள் வாட்ஸப்பில் வந்து விழுந்த குட்மார்னிங் படம் அனேகமாக அதைவிடப் பெரியது.

இதழுக்கான கட்டுரைகள் ஒவ்வொன்றாக மேசைக்கு வந்தபோது ஒரு விஷயம் திரும்பத் திரும்பக் கண்ணில் பட்டது. இந்தச் சில்லுகளைச் செய்யச் சொன்னவர் ஒருவர், வைத்து வாழ்ந்தவர் வேறொருவர். செய்தவர்கள் மனத்தில் இருந்த உபயோகம் ஒன்று, பிறகு நடந்தது முற்றிலும் வேறு. அதைத்தான் இந்த மாதம் உங்களோடு பேச நினைக்கிறேன்.

முதல் எட்டு பிட் சில்லின் கதையையே எடுத்துக்கொள்ளுங்கள். டெக்சாஸ் மாநிலம் சான் அன்டோனியோவில் கம்ப்யூட்டர் டெர்மினல் கார்ப்பரேஷன் என்று ஒரு நிறுவனம் இருந்தது. டேட்டாபாயிண்ட் 2200 என்ற, மேசைமேல் வைக்கும் கருவி ஒன்றை அவர்கள் வடிவமைத்துக்கொண்டிருந்தார்கள். அதன் கணக்குப் போடும் பகுதிக்கு மட்டும் ஒரு பலகை நிறையச் சின்னச் சின்னச் சில்லுகள் தேவைப்பட்டன. அத்தனையையும் ஒரே சில்லில் அடக்கித் தர முடியுமா என்று இன்டெலிடம் கேட்டார்கள். இன்டெல் ஒப்புக்கொண்டது, ஆனால் வேலை இழுத்துக்கொண்டே போனது. வரப்போகும் சில்லின் வேகமும் போதாது என்று தெரிந்தது. பொறுத்துப் பார்த்த வாடிக்கையாளர், எங்களுக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டு, பழைய பலகையோடே கருவியைச் சந்தைக்கு அனுப்பினார். வர வேண்டிய பணத்துக்கு ஈடாக வடிவமைப்பின் உரிமை இன்டெலிடமே தங்கியது. 1972 ஏப்ரலில் அதற்கு 8008 என்று பெயர் வைத்து, யார் வேண்டுமானாலும் வாங்கலாம் என்று கடைவிரித்தார்கள். 18 கால்கள், சுமார் 3500 டிரான்சிஸ்டர்கள்.

வாங்கியவர்கள் யார்? பிரான்சின் அரசு வேளாண் ஆராய்ச்சி நிறுவனத்துக்கு, பயிர் நிலத்திலிருந்து எவ்வளவு நீர் ஆவியாகிப் போகிறது என்று அளக்க ஒரு மலிவான கணினி வேண்டியிருந்தது. பிரான்சுவா ஜெர்னெல் என்ற பொறியாளர் 8008ஐ வைத்து மிக்ரால் என்ற கருவியைக் கட்டிக் கொடுத்தார். ஆண்டு 1973. மைக்ரோபுராசசர் வைத்து விற்பனைக்கு வந்த முதல் கணினிகளில் ஒன்று பிறந்தது இப்படி, வயலில் ஈரம் பார்க்க!

டெக்சாஸ்காரர்கள் கைவிட்ட சில்லு அவர்களுடைய பழக்கம் ஒன்றையும் கூடவே எடுத்துக்கொண்டு போனது. டேட்டாபாயிண்ட் 2200 பிட்களை ஒன்றன்பின் ஒன்றாக வரிசையில் கையாண்டது. நாம் கூட்டல் போடும்போது ஒன்றாம் இடத்திலிருந்து தொடங்குவதுபோல அதற்கும் எண்ணின் சின்னப் பகுதி முதலில் வந்தாக வேண்டும். அதனால் இரண்டு பைட் எண்ணைச் சேமிக்கும்போது சின்ன பைட் முன்னே, பெரிய பைட் பின்னே. 8008 அதை அப்படியே ஏற்றது. பிறகு 8080, 8086 என்று வழிவழியாக வந்து, இன்றைக்கு உங்கள் மேசையில் இன்டெல் அல்லது ஏஎம்டி கணினி இருந்தால் அதுவும் எண்களை இதே வரிசையில்தான் அடுக்குகிறது. சில்லே வேண்டாம் என்றவர்களின் வழக்கம் ஐம்பது ஆண்டுக்கு மேல் நிலைத்துவிட்டது.

அடுத்து 8080, 1974 ஏப்ரல். ஃபெடரிகோ ஃபாஜின் தலைமையில், ஜப்பானியப் பொறியாளர் மசடோஷி ஷிமா உழைத்து உருவாக்கியது. கல்லாப்பெட்டி இயந்திரம், போக்குவரத்து விளக்கு, தொழிற்சாலைக் கட்டுப்பாடு என்று போகும் என்பதுதான் நிறுவனத்தின் எதிர்பார்ப்பு. எழுபதுகளின் நடுவில் இன்டெல் பொறியாளர் ஒருவர், வீட்டுக்கு ஒரு கணினி செய்யலாமே என்று கேட்டுக்கொண்டு வந்ததை இன்டெல் நிறுவனர்களில் ஒருவரான கார்டன் மூர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்திருக்கிறார். வீட்டில் அதை வைத்து என்ன செய்வது என்று கேட்டதற்கு, சமையல் குறிப்பு சேமிக்கலாம் என்பதைத் தாண்டி உருப்படியாக ஒரு பதில் கிடைக்கவில்லையாம். யோசனை அத்தோடு போயிற்று. இத்தனைக்கும் டிரான்சிஸ்டர்களின் எண்ணிக்கை எப்படிப் பெருகும் என்று சரியாகக் கணித்தவர் அவர். எவ்வளவு சிறிதாகும் என்று கணிக்க முடிந்தவருக்கு, யார் கைக்குப் போகும் என்று கணிக்க முடியவில்லை.

அது போன இடம் நியூ மெக்சிகோவின் ஆல்புகர்க்கி. கடனில் தத்தளித்த மிட்ஸ் என்ற சிறு நிறுவனத்தின் எட் ராபர்ட்ஸ், 360 டாலர் பட்டியல் விலையுள்ள 8080ஐ மொத்தமாகப் பேசி 75 டாலருக்கு வாங்கினார். 1975 ஜனவரி 'பாப்புலர் எலெக்ட்ரானிக்ஸ்' இதழின் அட்டையில் அவருடைய ஆல்டேர் 8800 வந்தது. முழு கிட்டும் 400 டாலருக்குள். திரை கிடையாது, விசைப்பலகை கிடையாது, நினைவகம் 256 பைட். முன்பக்கச் சுவிட்சுகளைத் தட்டிக் கட்டளை கொடுத்து, விளக்குகள் எரிவதைப் பார்த்து விடை படிக்க வேண்டும். இருந்தும் ஆர்டர்கள் குவிந்தன. அதற்கு பேசிக் மொழி எழுதிக் கொடுக்கப் புறப்பட்ட இரண்டு இளைஞர்கள் பில் கேட்ஸும் பால் ஆலனும்.

இதே 8080 ஜப்பானில் வேறொரு வேலை பார்த்தது. டைட்டோ நிறுவனத்தின் டொமோஹிரோ நிஷிகாடோ 1978இல் ஸ்பேஸ் இன்வேடர்ஸ் விளையாட்டை அதில்தான் எழுதினார். திரையில் 55 வேற்றுக்கிரக உருவங்கள். ஒரு தடவைக்கு ஒன்று என்று வரிசையாக நகர்த்தத்தான் சில்லுக்கு நேரம் இருந்தது. சுடச்சுட எண்ணிக்கை குறையும்; ஒரு சுற்று சீக்கிரம் முடியும்; மிச்சமிருப்பவை விறுவிறுவென்று பாயும். விளையாட்டு முடியப்போகும் நேரத்தில் நெஞ்சு படபடக்கிறதே, அது சில்லின் வேகம் போதாததால் வந்த சுவை. நிஷிகாடோ அதைத் திருத்தாமல் விட்டார். இன்றைய விளையாட்டுகளில் ஆட்டம் போகப்போகக் கடினமாவதை யாரும் விசேஷமாக நினைப்பதில்லை. அதைப் பழக்கிவிட்டதில் இந்த 55 பேருக்குப் பெரிய பங்கு.

எல்லாவற்றிலும் எனக்குப் பிடித்தது 6502இன் கதை. மோட்டரோலாவின் 6800 சில்லை ஊர் ஊராகக் கொண்டுபோய்க் காட்டியவர்களில் ஒருவர் சக் பெடில். பார்த்தவர்களுக்கெல்லாம் பிடித்தது, விலையைக் கேட்டதும் பின்வாங்கினார்கள். எங்கள் கருவிக்கு இருபத்தைந்து டாலர் சில்லு போதுமே என்பது அவர்கள் பேச்சு. பெடில் அதைத் திரும்பி வந்து சொன்னார். மலிவுச் சில்லு வேலையை நிறுத்தச் சொல்லி மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. அவரும் கூட இருந்த பொறியாளர்கள் சிலரும் வெளியேறி, பென்சில்வேனியாவின் மாஸ் டெக்னாலஜியில் சேர்ந்தார்கள். அவசியமில்லாத வசதிகளை வெட்டி, சில்லின் பரப்பைச் சுருக்கினார்கள். சில்லைப் பொறிக்கும் மாஸ்க்கில் பிழை இருந்தால் அதைத் திருத்தும் முறையும் அங்கே கைவசம் இருந்தது. அதனால் கழித்துப் போடும் சில்லுகள் குறைந்தன, விலை இறங்கியது.

1975 செப்டம்பரில் சான்ஃபிரான்சிஸ்கோவில் வெஸ்கான் கண்காட்சி. அரங்கில் நேரடி விற்பனைக்குத் தடை. எனவே பக்கத்து ஹோட்டலில் அறை எடுத்து, ஒரு கண்ணாடி ஜாடி நிறையச் சில்லுகளைப் போட்டுவைத்து, ஒன்று 25 டாலர் என்று விற்றார்கள். கூடவே விளக்கப் புத்தகங்களும். ஜாடியின் மேல்பகுதியில் இருந்தவைதான் வேலை செய்பவை, அடியில் இருந்தவை கணக்குக் காட்ட என்று பெடிலே பின்னாளில் சொல்லியிருக்கிறார்! போட்டி நிறுவனங்கள் விரைவிலேயே தங்கள் விலையைக் குறைத்தன.

இங்கேயும் அதே கதைதான். பெடில் நினைத்தது இயந்திரங்களுக்குள் மறைந்திருந்து கட்டுப்படுத்தும் சில்லை. ஆனால் வாங்கிக்கொண்டு போனவர்களில் ஒருவர் ஸ்டீவ் வாஸ்னியாக். 1976இல் ஆப்பிள் 1, மறு ஆண்டு ஆப்பிள் 2. கமடோர் பெட் கணினியிலும் அதுவே. அடாரி 2600 விளையாட்டுப் பெட்டியில் கால்கள் குறைத்த அதன் தம்பி 6507. அந்தப் பெட்டியின் நினைவகம் 128 பைட். ஒரு முழுப் படத்தை வைத்துக்கொள்ள இடம் இல்லாததால், தொலைக்காட்சித் திரையில் கோடு விழ விழ நிரல் அந்தந்தக் கோட்டைத் தயாரித்துக்கொடுக்க வேண்டும்.

இங்கிலாந்தில் ஏக்கார்ன் நிறுவனம் 6502ஐ வைத்து 1981இல் பிபிசி மைக்ரோவைச் செய்தது. இந்திய அரசு 1984-85இல் பள்ளிகளுக்கான கிளாஸ் என்ற கணினிக் கல்வித் திட்டத்தைத் தொடங்கியபோது நம் பிள்ளைகள் முன் வைக்கப்பட்டது அதுதான். அடுத்த தலைமுறைச் சில்லைத் தேடிய ஏக்கார்ன்காரர்கள், 6502 குழுவில் இருந்த பில் மென்ஷ் நடத்திய சிறு நிறுவனத்தை அமெரிக்காவில் போய்ப் பார்த்தார்கள். இத்தனை சிறிய குழு ஒரு புராசசரைச் செய்ய முடியுமென்றால் நாமே செய்யலாமே என்ற துணிச்சல் அங்கே பிறந்தது. சோஃபி வில்சனும் ஸ்டீவ் ஃபர்பரும் வடிவமைத்த ஏஆர்எம் சில்லு 1985 ஏப்ரலில் ஓடியது. உங்கள் கைப்பேசிக்குள் இருப்பது அனேகமாக அதன் வாரிசுதான். மென்ஷின் நிறுவனம் 6502இன் மேம்பட்ட வடிவத்தை இன்னமும் விற்கிறது.

இஸட்80 பற்றித் தனிக் கட்டுரையே இருப்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். இன்டெலை விட்டு வெளியேறிய ஃபாஜின், ரால்ஃப் அங்கர்மனோடு சேர்ந்து ஸைலாக்கைத் தொடங்கினார். ஷிமாவும் வந்து சேர்ந்தார். 8080க்கு எழுதிய நிரல்களை அப்படியே ஓட்டும் சில்லு வந்தது. சின்க்ளேரின் ஸ்பெக்ட்ரம் கணினி, பேக்மேன் விளையாட்டு, ப்ராஃபெட்-5 என்ற இசைக்கருவி எல்லாவற்றுக்குள்ளும் அது புகுந்தது. ப்ராஃபெட்டில் அதன் வேலை, வாசிப்பவர் பொத்தான்களைத் திருகி அமைத்த ஒலியை நினைவில் வைத்துக்கொண்டு கேட்டபோது திருப்பிக் கொடுப்பது. தனிச் சில்லாக விற்கும் இஸட்80க்கான கடைசி ஆர்டர்களை 2024 ஜூனோடு நிறுத்திக்கொண்டது ஸைலாக்.

இப்போது நம் அட்டைப்பட நாயகனுக்கு வருகிறேன். 8080க்கு மூன்று வகை மின்னழுத்தம் வேண்டும். 8085க்கு ஐந்து வோல்ட் ஒன்றே போதும். பெயரின் கடைசியில் உள்ள 5 அதற்குத்தான். ஆனால் வீட்டுக் கணினிச் சந்தையை இஸட்80யும் 6502உம் பங்கு போட்டுக்கொண்டுவிட்டன. 8085 வேறு வழிகளில் பிழைத்தது. 1983இல் வந்த டிஆர்எஸ்-80 மாடல் 100 என்ற கையடக்கக் கணினியில் அதன் சிக்கன வடிவமான 80சி85 இருந்தது. நான்கு பென்டார்ச் பேட்டரியில் ஓடும் அந்தக் கருவி, ஊர் சுற்றிச் செய்தி சேகரிக்கும் அமெரிக்க நிருபர்களின் செல்லப்பிள்ளையானது. 1997 ஜூலையில் செவ்வாயில் இறங்கிய சோஜர்னர் ஊர்தியின் மூளையும் 80சி85தான். வேகம் 2 மெகாஹெர்ட்ஸ். ஒரு வாரம் உழைத்தால் போதும் என்று அனுப்பிய ஊர்தி மூன்று மாதத்துக்கு நெருக்கமாக உழைத்தது.

அதைவிடப் பெரிய வாழ்வு அதற்கு நம் கல்லூரி ஆய்வகங்களில் கிடைத்தது. ஒரு தலைமுறைக்கு மேலாக மைக்ரோபுராசசர் லேப் என்றால் 8085 கிட்தான். 4100 என்ற முகவரியில் தொடங்கி, ஆப்கோடு அட்டவணையைப் பார்த்து 21, 80, 32 என்று ஒவ்வொன்றாகத் தட்டி, கடைசியில் 76 போட்டு முடித்தவர்களுக்கு அந்த எண்கள் இன்னும் விரல் நுனியில் இருக்கும். எட்டு பிட் கூட்டல், கழித்தல், ஏறுவரிசை, இறங்குவரிசை, ஸ்டெப்பர் மோட்டார், டிராஃபிக் லைட். ரெக்கார்டு நோட்டில் இருக்கும் சோதனைகளும் அவ்வளவுதான்.

எங்கள் வகுப்பில் ஒருவன் அந்த டிராஃபிக் லைட் பலகையில் சிக்னல் போட மறுத்தான். பிட்களை இடப்பக்கம் சுழற்றும் 07 கட்டளையையும் நேரம் கடத்தும் டிலே லூப் ஒன்றையும் சேர்த்து, திருவிழா சீரியல் லைட் போலச் சிவப்பும் பச்சையும் மஞ்சளுமாக ஓடவிட்டான். லேப் முழுக்க அவன் மேசையைச் சுற்றிக் கூடிவிட்டது. மேற்பார்வைக்கு வந்த விரிவுரையாளர் அதட்டத்தான் வந்தார். பார்த்துவிட்டு, வேகத்தைக் கூட்ட முடியுமா என்று கேட்டார். அன்றைக்குத்தான் எங்களில் பலருக்கு டிலே லூப் புரிந்தது.

அந்த மாணவன் செய்ததும் வாஸ்னியாக் செய்ததும் ஒரே காரியம்தான். இது இதற்காக என்று எழுதிக் கொடுத்ததை, வேறொன்றுக்காக எடுத்துக்கொள்வது. அதற்கு இரண்டு விஷயங்கள் வேண்டும். விலை, தவறினாலும் பரவாயில்லை என்று தோன்றும் அளவுக்கு இருக்க வேண்டும். உள்ளே என்ன நடக்கிறது என்பது ஒளிவுமறைவில்லாமல் புத்தகத்தில் இருக்க வேண்டும். 25 டாலர் சில்லுக்கும் அதனோடு விற்ற விளக்கப் புத்தகங்களுக்கும் சம பங்கு உண்டு என்பது என் கட்சி.

இதைச் சொல்லும்போது எழுத்தாளர் சுஜாதாவை நினைக்காமல் இருக்க முடியாது. பெங்களூரு பாரத் எலெக்ட்ரானிக்ஸில் அவர் பணியாற்றியபோது மின்னணு வாக்குப்பதிவு இயந்திரத்தை உருவாக்கியதில் முக்கியப் பங்கு வகித்தார். கேரளத்தின் பரவூர் தொகுதியில் 1982இல் அந்த இயந்திரம் முதல்முறையாகத் தேர்தலைச் சந்தித்தது. பின்னர் 1989-90இல் பெரிய அளவில் தயாரான முதல் தலைமுறை இயந்திரங்களில் ஹிட்டாச்சி 6305 என்ற எட்டு பிட் மைக்ரோகண்ட்ரோலர் இருந்தது. எண்ணுவதும் நினைவில் வைப்பதும் மட்டுமே வேலை என்றால் எட்டு பிட் தாராளம். எலெக்ட்ரானிக்ஸைத் தமிழில் சுவையாக எழுதி, நம்மில் பலரை இந்தத் துறைக்கு இழுத்துவந்தவரும் அவர்தான்.

8085ஐப் பாடத்திட்டத்திலிருந்து எடுத்துவிடலாமா என்ற விவாதம் பல ஆண்டுகளாக நடக்கிறது. வேலை தராத சில்லை ஏன் படிக்க வேண்டும் என்று கேட்கும் மாணவர்களின் கோபம் எனக்குப் புரிகிறது. சில்லு எதுவாக இருந்தாலும் எனக்குக் கவலையில்லை. 8085 போய் 8051 வரட்டும். அதுவும் போய் இன்றைய ஏஆர்எம் பலகைகள் வரட்டும். ஆனால் ரெக்கார்டு நோட்டில் இருக்கும் சோதனைகளை முடித்ததும் ஒரு மணி நேரமாவது மாணவர்களைச் சும்மா விடுங்கள், கையேட்டில் இல்லாத ஒன்றை அந்தப் பலகையைச் செய்யவைக்கட்டும். அதற்கு மார்க் போடுங்கள். அப்படி ஒரு மணி நேரம் இல்லாவிட்டால் எந்தப் புதிய சில்லும் மனப்பாடத்துக்குத்தான் போகும்.

இந்த இதழில், பிரெட்போர்டில் இஸட்80ஐப் பொருத்தி, ஒவ்வொரு துடிப்பாகக் கையால் கொடுத்து அது என்ன செய்கிறது என்று எல்இடியில் பார்க்கும் சுற்று ஒன்றைப் படத்தோடு தந்திருக்கிறோம். பள்ளி மாணவர்களும் செய்யலாம். பழைய எடைமெஷின்களைப் பழுதுபார்க்கும் அன்பர் ஒருவர், அவற்றுக்குள் இன்றும் காணக்கிடைக்கும் 8051 குடும்பத்துச் சில்லுகளைப் பற்றி எழுதியிருக்கிறார். சென்னை ரிச்சி தெருவில் உதிரிச் சில்லு வாங்கும்போது எதைப் பார்த்து வாங்க வேண்டும் என்பதற்கும் ஒரு பக்கம் ஒதுக்கியிருக்கிறோம். ஏஆர்எம் பிறந்த கதையின் மீதி நடுப்பக்கத்தில்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். உங்களில் பலர் இந்தச் சில்லுகளோடு வேலை பார்த்திருப்பீர்கள். நூற்பாலையில், டெலிபோன் எக்ஸ்சேஞ்சில், பெட்ரோல் பங்க்கில், கோவில் திருவிழா விளக்குப் பலகையில், கல்லூரி புராஜெக்ட்டில். அந்த அனுபவத்தை எங்களுக்கு எழுதுங்கள். நடை பற்றிக் கவலை வேண்டாம், எழுத்துப் பிழையை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம். கையால் வரைந்த சர்க்யூட் இருந்தால் அதையும் படமெடுத்து அனுப்புங்கள். இரண்டு கேள்விகளுக்கு மட்டும் கட்டாயம் பதில் இருக்கட்டும்: அந்தக் கருவி எதற்காகச் செய்யப்பட்டது? நீங்கள் அதை எதற்குப் பயன்படுத்தினீர்கள்? இரண்டு பதில்களுக்கும் இடைவெளி அதிகமுள்ள கடிதங்களுக்கு அடுத்த இதழில் முதலிடம்.

அன்புடன்,
ஆசிரியர்